தகரம் தட்டும் ஏசுபாதம்

திருப்போரூர்ப் பக்கம் மனை போடுகிற நிலங்களில் ஜேசிபி ஓட்டிப் புதர் அழிப்பது ஏசுபாதத்தின் பிழைப்பு. வண்டியைக் கிளப்புமுன் பழைய எண்ணெய்த் தகரத்தைப் பத்து நிமிடம் தடியால் தட்டுவார். பாம்போ கீரியோ, தப்பித்து ஓடட்டுமே என்று. இருபது வருடத்தில் ஒரு உயிர்கூடத் தன் வண்டியில் மாட்டிச் செத்ததில்லை என்று மார்தட்டிக்கொள்வார்.

அன்றைக்கும் தட்டினார். கருத்த காது நுனியும் கட்டை வாலுமாக ஒரு காட்டுப்பூனை புதரிலிருந்து பாய்ந்தது. திரும்பித் திரும்பிப் பார்த்தபடியே ஓடியது. “போம்மா, போ” என்று சிரித்துக்கொண்டே வண்டியில் ஏறினார்.

மாலையில் மண்ணை அள்ளும்போது மூன்று குட்டிகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு நசுங்கி வந்தன.

“நீதான் தகரம் தட்னியே, வுடுய்யா” என்றாள் வீட்டில் மனைவி பொன்னி.

“கண்ணே தொறக்கல அதுங்களுக்கு. எங்கடி ஓடும்? இத்தினி வருசமா இன்னா எயவுக்குத் தட்னேன் நானு?” சோற்றுத்தட்டைத் தள்ளிவிட்டார்.

இரண்டு நாள் கழித்துக் காலையில், புதிதாக நட்ட மனைக்கற்களை ஒவ்வொன்றாக முகர்ந்துகொண்டிருந்தது அந்தப் பூனை. தகரம் காலடியிலேயே கிடந்தது. அதைத் தட்டி விரட்ட ஏசுபாதத்துக்குக் கை எழவில்லை.