பிரஸ் ஓடிய ஞாயிற்றுக்கிழமை

தொண்ணூறுகளின் நடுவில், பேட்டையில் நாங்கள் குடியிருந்த தெருவின் கடைசியில் ஒரு பாத்திரப் பட்டறை இருந்தது. தகட்டை அமுக்கித் தட்டாகவும் சட்டியாகவும் ஆக்கும் பெரிய பிரஸ் ஒன்று அங்கே ஓடும். அது ஓடும்போது, சத்தம் கேட்கும் தூரம்வரை நேரம் மெதுவாகிவிடும். நான் பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியார். குடிவந்த முதல் வாரமே அளந்து டைரியில் எழுதிவிட்டேன்: வெளியே அறுபது நிமிடம் போனால் எங்கள் தெருவில் நாற்பது. எல்லை, தெருமுனை அடிபம்பு.

ஏன் இப்படி என்று யாருக்கும் தெரியாது. தெரிந்துகொள்ள யாரும் மெனக்கெடவும் இல்லை. மெஷின் ஓடும்போது ரேடியோவில் செய்தி வாசிப்பவர் பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறவர் மாதிரி வாசிப்பார். எங்கள் சுவர்க் கடிகாரத்தில் மூன்று மணிக்கே பொழுது சாயும். மெஷின் நின்றதும் வீட்டுக்கு வீடு நாற்காலி போட்டு ஏறி முள்ளைத் திருப்பி வைப்பார்கள்.

என் மகளுக்கு அப்போது மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தோம். மூன்று வரன்கள் வந்து போயிருந்தன. நான்காவதாக வந்த போட்டோவை மட்டும்தான் அவள் இரண்டாவது தடவையும் கேட்டு வாங்கிப் பார்த்தாள். பையனுக்கு பம்பாயில் வேலை, வீடு ஆழ்வார்திருநகரி. அவர்கள் பெண் பார்க்க வருவதாக இருந்த ஞாயிற்றுக்கிழமை இரவே அவன் லீவு முடிந்து ரயில் ஏற வேண்டும். அன்றைக்கு முடியாவிட்டால் அடுத்த வருடம்தான். அவர்கள் கையில் ஏற்கெனவே வேறு இரண்டு ஜாதகங்கள் இருந்தன. ஞாயிற்றுக்கிழமை நாலரைக்கு ராகு காலம் தொடங்கும். மூன்றரைக்கு வந்து பெண்ணைப் பார்த்து, பிடித்திருந்தால் நாலரைக்குள் வெற்றிலைத் தட்டு மாற்றிக்கொள்வதாகப் பேச்சு.

மூன்று இருபதுக்குத் தெருமுனைக் கடைக்கு போன் வந்தது. வழியில் பஸ் பஞ்சர். வந்து சேர நாலரை தாண்டிவிடும். என் மகள் கட்டியிருந்த பட்டுச் சேலையின் முந்தானையை நீவி நீவிவிட்டுக்கொண்டு நின்றாள். ஞாயிறென்று பட்டறைக்கு லீவு. நான் செருப்பைப் போட்டுக்கொண்டு பட்டறைக்காரர் வீட்டுக்கு நடந்தேன்.

"ராகு காலத்தைப் புடிச்சு நிறுத்தச் சொல்லுதியளா வாத்தியாரே?" என்றார் அவர். "சத்தம் பொறுக்கலன்னு போன மாசம் எங்கூடச் சண்டைக்கு வந்தது யாரு?"

"நான்தான் அண்ணாச்சி."

"அதையும் டைரில எழுதியிருப்பியளே! சரி, பிள்ளைக்காவ ஓட்டுதேன். உங்களுக்காவன்னு நெனச்சிராதிய."

சரியாக மூன்றரைக்கு மெஷின் ஓடத் தொடங்கியது. நான் வாசலில் நின்று தெருமுனையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒருவழியாக அடிபம்புக்கு அப்பால் நான்கைந்து பேர் விறுவிறுவென்று வருவது தெரிந்தது. பம்பைத் தாண்டியதும் எல்லோருடைய நடையும் சாதாரண நடையானது. உள்ளே வந்து உட்கார்ந்தபோது எங்கள் கடிகாரத்தில் நாலு இருபத்து மூன்று.

பையனின் அப்பா கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "நாலு அம்பது. ராகு காலம் பொறந்து இருவது நிமிசமாச்சு" என்று மெஷின் சத்தத்துக்கு மேலே கத்தினார். பிறகு சுவரைப் பார்த்தார். "உங்க கடிகாரம் நின்னு போச்சா?"

என் மனைவி என்னைப் பார்த்தாள். 'முந்தி ஓடுவது உங்கள் கடிகாரம்தான்' என்று சொல்லிவிடச் சொன்ன பார்வை அது. எனக்கு அது முடியாது. மெஷின் விஷயத்தை முழுதாகச் சொன்னேன். உங்கள் மணியும் சரி, எங்கள் மணியும் சரி என்றேன். நான்தான் ஓட்டச் சொன்னேன் என்பதையும் சொன்னேன். அடுக்களைக்குள் தம்ளர் ஒன்று விழுந்தது.

"அப்ப நாங்க வரட்டும்னு நேரத்தக் கட்டிப் போட்டுருக்கிய!" அவர் எழுந்துவிட்டார்.

பையனின் அம்மா எழுந்திருக்கவில்லை. "இவன் பம்பாயில வீடு பாத்து பால் காய்ச்சுனப்ப, நம்ம ஊரு ராகு காலம் அங்க செல்லாது, நிக்கிற எடத்து நேரந்தான் கணக்குன்னு சொன்னது யாரு?"

"அது சூரியன் உதிக்கிறத வச்சுப் பாக்கது. இது சட்டி அடிக்கிற மெஷினு!"

"எதுவா இருந்தா என்ன? இங்கன நேரம் மெதுவாப் போவுதுல்லா. நாம இங்கனதான உக்காந்திருக்கோம். இப்பிடியே பேசிக்கிட்டு இருந்தியன்னா இங்கயும் ராகு காலம் வந்துரும்."

பையன் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தான். அவன் அப்பா இன்னொரு தடவை சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு உட்கார்ந்து, கைக்கடிகாரத்தைக் கழற்றித் திருகைப் பிடித்து இழுத்து, முள்ளைப் பின்னுக்குத் திருப்பி, எங்கள் மணிக்கு வைத்துக்கொண்டார். நாலு இருபத்தேழு.

"பிள்ளையக் கூப்பிடுங்க, சீக்கிரம்" என்றார்.

என் மகள் காபியோடு வந்தாள். "என்னலே சொல்லுத?" என்று அவர் கேட்டதற்கு, பையன் தம்ளரை வாங்குவதற்கு முன்பே தலையை ஆட்டினான். அவளிடம் நான் கேட்டேன். அவளும் ஆட்டினாள். நாலு இருபத்தொன்பதுக்குத் தட்டு மாற்றிக்கொண்டோம். பையனின் அம்மா அவள் தலையில் பூ வைத்துவிட்டார்கள்.

நான் போய்ச் சொல்லி மெஷினை நிறுத்திவிட்டு வந்தேன். திடீரென்று வந்த அமைதியில் எல்லோரும் பஜ்ஜி தின்னும் சத்தம் நன்றாகக் கேட்டது.

"அண்ணாச்சி, ஒண்ணு மட்டும் சொல்லிப்புடுதேன்" என்றார் சம்பந்தி, முள்ளை மறுபடியும் முன்னுக்குத் திருப்பிக்கொண்டே. "பொண்ணு வீட்டுலதான் கல்யாணம்னு மொறை பேசிராதிய. முகூர்த்தம் எங்க ஊருலதான். அங்க ஒத்த மணிதான் உண்டும்."

நான் உடனே சரி என்றேன். அடுக்களைக் கதவுக்குப் பின்னாலிருந்து என் மகள் சிரித்தாள். மெஷின் நின்றிருந்ததால் அது வாசல்வரைக்கும் கேட்டது.