மொட்டைத் தலையும் காது மெஷினும்

என் மகள் பிறந்த ஆஸ்பத்திரியில், பச்சைக்குழந்தைகளுக்குக் காது கேட்கிறதா என்று பார்க்கும் கருவியை அப்போதுதான் வாங்கியிருந்தார்கள். இரண்டாயிரங்களின் தொடக்க வருஷங்கள். வீட்டுக்குக் கிளம்பும் காலையில் ஒரு பெண் வந்து, தூங்கிக்கொண்டிருந்தவளின் காதில் சிறிய ரப்பர் முனையைப் பொருத்தினாள். வலது, இடது, மறுபடி வலது. கருவி 'பாஸ்' காட்டவில்லை. பிறகு மராத்தியில் சொன்னாள்: காதுக்குள் ஈரம் தங்கியிருந்தாலும் இப்படி வரும், பயப்பட வேண்டாம், ஆனால் அடுத்த மாதம் கட்டாயம் திரும்ப வர வேண்டும்.

பூனாவை ஒட்டிய சிஞ்ச்வட்டில் எங்கள் வீட்டுக்கு வந்ததும் சோதனையை என் நாத்தனார் கையில் எடுத்துக்கொண்டார். கணவரின் அக்கா, பூனாவிலேயே பிறந்து வளர்ந்தவர். தொட்டிலுக்குப் பின்னால் நின்று எவர்சில்வர் தட்டைக் கரண்டியால் அடித்தார். குழந்தை திடுக்கிட்டுக் கைகளை விரித்தது.

"பார்த்தியா, ஃபர்ஸ்ட் கிளாஸ்ல பாஸ்! இதுக்கு இன்னொரு டெஸ்டா?"

"அது தட்டு அக்கா. நாம தட்டு மாதிரியா பேசறோம்?"

"நீ பேசும்போது அப்படித்தான் இருக்கு."

கணவர் சிரித்துவிட்டார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. குழந்தையின் கண்ணில் படாமல் நின்று, சாதாரணக் குரலில் தினமும் கூப்பிட்டுப் பார்த்தேன். கண் இமைகூட அசையவில்லை.

நாத்தனாரிடம் அதற்கும் பதில் இருந்தது. "வீட்ல தமிழ், வேலைக்கு வர்ற பாயி மராத்தி, டிவில ஹிந்தி. எதைக் கேக்கறதுன்னு குழந்தையே கன்ஃப்யூஸ் ஆயிருக்கும். எங்க பெரியவன் மூணு வயசு வரைக்கும் வாயே திறக்கல. இப்ப அவனை நிறுத்தச் சொல்லு பார்ப்போம்!"

எங்கள் ஊர்த் தமிழ்க் குடும்பங்களில், தாமதமாகப் பேசும் எல்லாக் குழந்தைக்கும் இதே காரணத்தைத்தான் சொல்வார்கள். மூன்று பாஷை கேட்கும் குழந்தை மூன்றையும் கேட்கத்தானே செய்கிறது? இவளுக்கு ஒன்றாவது கேட்கிறதா என்று எனக்குத் தெரிந்தாக வேண்டும்.

"தேடிப் போய் ஏன் குறை கண்டுபிடிக்கணும்? நாளைக்குக் கல்யாணம்னு வரும்போது..." என்று கணவர் இழுத்தார்.

"கட்டிக்க வர்றவன் காதையும் டெஸ்ட் பண்ணிடலாம்" என்றேன்.

அவர் குழந்தையின் பையை எடுத்துக்கொண்டு கீழே வந்து ஆட்டோ பிடித்தார்.

இரண்டாவது முறையும் அதே முடிவு. அடுத்து, தூங்கும் குழந்தையின் தலையில் வயர்களை ஒட்டி நீண்ட சோதனை ஒன்று. பெரிய சத்தம் கேட்கும், சாதாரணப் பேச்சு இரண்டு காதிலும் எட்டாது என்றார் டாக்டர். நல்ல வேளை, சீக்கிரம் வந்தீர்கள் என்றும் சொன்னார். அழுதேன். ஆனால், தெரியாமலே இருந்திருக்கலாம் என்று ஒரு நிமிஷம்கூட நினைக்கவில்லை.

சில மாதங்களில் காது மெஷின்கள் வந்தன. முதல் நாள் பால் குடித்துக்கொண்டிருந்தவளிடம் ஏதோ சொன்னேன். குடிப்பதை நிறுத்திவிட்டு என் வாயையே பார்த்தாள்.

முதல் பிறந்தநாளுக்கு முன் மொட்டையும் காதுகுத்தும் வைக்க வேண்டும். "மொட்டையைத் தள்ளிப் போடு. முடி வளர்ந்து காதை மூடட்டும்" என்றார் நாத்தனார். "காதுகுத்து மட்டும் வச்சுக்கலாம். அப்பவும் அந்த மெஷினைக் கழட்டிடு. சொந்தக்காரங்க எல்லாம் வருவாங்க."

"வரட்டும் அக்கா. காதைப் பார்க்கத்தானே கூப்பிடறோம்?"

முருகன் கோயில் மண்டபத்தில் என் தம்பி மடியில் உட்காரவைத்து மொட்டை அடித்தோம். தண்ணீர் படாமலிருக்க மெஷின்களைக் கழற்றி என் இடுப்பில் முடிந்துகொண்டேன். ஆசாரி காது குத்தினார். வீறிட்டு அழுதாள். தலைக்குச் சந்தனம் பூசி, காதுக்குப் பின்னால் மட்டும் துடைத்து, அந்த அழுகையிலேயே மெஷின்களை மாட்டினேன். சந்தன மஞ்சளில் அவை பளிச்சென்று தெரிந்தன. மண்டபமே பார்த்தது.

அவளுக்குப் பின்னால் போய், எப்போதும் பேசும் குரலில் கூப்பிட்டேன். அழுகையை நிறுத்தித் திரும்பினாள்.

சீர்த்தட்டோடு நின்றிருந்த நாத்தனார், "அட, திரும்பறாளே" என்று முணுமுணுத்தார். அதற்கும் திரும்பினாள்.

போட்டோகிராபர் ஹிந்தியில் தயங்கினார். "மேடம், ஒரு நிமிஷம் அதை எடுத்துட்டா..."

"அது இருக்கும். நீங்க எடுங்க" என்றேன்.

அந்தப் படம் இன்றும் எங்கள் வீட்டில், கதவைத் திறந்ததும் கண்ணில் படும் சுவரில்தான் இருக்கிறது.