மனைவி என்ற இடத்தில்

கண்ணாடிக்கடையின் பின்னறையில் லென்ஸ் தேய்ப்பவள் அவள். வயது நாற்பத்தாறு, கணவர் இறந்து பதினொரு வருடம். கடையில் எல்லோருக்கும் அவள் லென்ஸக்கா. கப்பல் பழுதுபார்க்க வந்து இங்கேயே தங்கிவிட்ட வெளிநாட்டுக்காரர் ஒருவர், உடைந்த கண்ணாடியோடு ஒருமுறை வந்தார். பிறகு உடையாத கண்ணாடியோடு நான்கு முறை வந்தார். கடைசியில் அரைகுறை மொழியில் கல்யாணத்தைப் பற்றிக் கேட்டார். அவள் வெட்கப்பட்டு இரண்டு நாள் கழித்துச் சரி என்றாள்.

பதிவு அலுவலகத்தில் ஒரு பட்டியலை நீட்டினார்கள். அவருக்குத் தூதரகச் சான்று, அதன் மொழிபெயர்ப்பு, அதன்மேல் முத்திரை. அவளுக்கு முதல் திருமணச் சான்றும் கணவரின் இறப்புச் சான்றும். இறப்புச் சான்றுதான் அவள் கையில் இல்லை. கணவர் வேலை பார்த்த ஊரில், ஐந்து மணி நேர பஸ் தொலைவில், மாரடைப்பில் போனவர். அந்த அலைச்சலையெல்லாம் கொழுந்தன்தான் பார்த்தான். எப்போது கேட்டாலும் "அது எதுக்கு அண்ணி இப்ப?" என்பான். அவளே விண்ணப்பித்து நகல் வாங்கினாள். தபாலில் வந்த உறையை அப்படியே அதிகாரியிடம் கொடுத்தாள்.

அவர் பிரித்துப் படித்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவளைப் பார்த்தார்.

"மனைவிங்கற இடத்துல வேற பேர் இருக்கேம்மா."

"தப்பா எழுதியிருப்பாங்க சார். அவர் செத்துட்டாரு."

"யாரோ ஒருத்தியோட புருஷன் செத்திருக்காரு. உங்க புருஷன் செத்ததுக்குக் காகிதம் எங்க?"

அவள் காகிதத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டாள். வெளியே மாடிப்படியில் உட்கார்ந்து கொழுந்தனுக்கு போன் போட்டாள். விஷயத்தைச் சொன்னதும் அவன் குரலைத் தாழ்த்தினான்.

"அண்ணனுக்கு அங்க ஒரு குடும்பம் இருந்துச்சு அண்ணி. இருக்கற துக்கத்துல இதையும் எதுக்கு உங்க தலையில போடணும்னுதான்..."

கிணறு வெட்டப் போய்ப் பூதம் கிளம்பிய கதையாகிவிட்டது. பேயறைந்தவள் போல எவ்வளவு நேரம் அங்கே இருந்தாளோ, ஏறி இறங்குகிறவர்கள் அவளைச் சுற்றிக்கொண்டு போனார்கள்.

சான்றைத் திருத்த, தான்தான் மனைவி என்று அன்று தகவல் கொடுத்துப் பதிந்த அந்தப் பெண்ணே எழுதித் தர வேண்டுமாம். சான்றில் இருந்த முகவரியைத் தேடி அடுத்த வாரம் பஸ் ஏறினாள். வழியெல்லாம் திட்டுவதற்கு வார்த்தை சேர்த்துக்கொண்டே போனாள்.

அது ஒரு இஸ்திரிக் கடை. மெலிந்த பெண் ஒருத்தி சட்டைக் காலரைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். வந்தவள் தான் இன்னார் என்று சொன்னதும் அந்தப் பெண் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுச் சுவரோடு ஒட்டிக்கொண்டாள்.

"நீங்க... நீங்க செத்துப்போயிட்டீங்கன்னு சொன்னாரே!"

"யாரு?"

"அவருதான். பிரசவத்துல போயிட்டீங்கன்னு அழுதாரே, என் மடியில தலைய வச்சு. அவர் தம்பி வந்தப்பகூட ஒண்ணும் சொல்லலையே!"

லென்ஸக்கா சேர்த்து வைத்திருந்த வார்த்தை ஒன்றுகூட வாயில் வரவில்லை. தான் செத்த தேதியையாவது கேட்கலாமா என்று தோன்றியது. கேட்கவில்லை. அங்கிருந்த துணிமூட்டை மேலேயே உட்கார்ந்துவிட்டாள். அந்தப் பெண் தண்ணீர் கொண்டுவந்தாள். 

லென்ஸக்கா தன் கல்யாண விஷயத்தைச் சொல்லித் திருத்தக் காகிதத்தை நீட்டினாள். அதை இரண்டு முறை படித்துவிட்டு அந்தப் பெண் கேட்டாள்: "இதுல கையெழுத்துப் போட்டா நான் அவருக்கு யாருமில்லன்னு ஆயிடும், இல்லக்கா?"

"ஆமா."

பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டாள். "இப்ப வர்ற மனுஷன் நீங்க உயிரோட இருக்கிறதா அவரு ஊர்ல சொல்லியிருக்காரா?" என்றாள். இருவரும் சிரித்துவிட்டார்கள். சிரித்த பிறகு ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியவில்லை.

ஊர் திரும்பியவளைக் கப்பல்காரர் பஸ் நிலையத்தில் பார்த்தார். "அழறியா?" என்று கேட்டார்.

"பதினொரு வருஷம் அழுதேனே, அதை யார்கிட்ட திருப்பிக் கேக்கறது?"

அவருக்குப் பாதிதான் புரிந்தது. மறுநாள் தன் பெட்டியிலிருந்த காகிதம் அத்தனையையும், பழைய விவாகரத்துத் தீர்ப்பு உட்பட, ஒரு மொழிபெயர்ப்பாளரோடு கொண்டுவந்து அவள் முன் பரப்பினார். முழுதாகப் படித்து முடிக்க ஒரு பகல் ஆனது. அவள் ஒரு வரியையும் விடவில்லை. திருத்தம் வர நான்கு மாதம் பிடித்தது. அதற்கு மறுவாரம் திருமணம் பதிவானது. கொழுந்தன் வாசல்வரை வந்தான். அவள் உள்ளே கூப்பிடவில்லை.