முப்பது விநாடி நீலம்

கொச்சி மட்டாஞ்சேரியில் எங்கள் கேபிள் சானலில் நவீன ஓவியத்தை விளக்கும் பத்து நிமிட நிகழ்ச்சி ஒன்று உண்டு. எழுதுவதும் பேசுவதும் நான். எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவள் நான். கல்லூரியில் ஓவியம் படித்தேன். அம்மா கார்ப்பரேஷனில் தெரு கூட்டுகிறாள். இதையெல்லாம் கேட்காதவர்களிடமும் சொல்வேன்.

மூன்று வாரத்துக்குள் ஒருவராவது ஃபோன் செய்து நிகழ்ச்சியைப் பற்றிப் பேச வேண்டும், இல்லாவிட்டால் அந்த நேரம் மீன்குழம்பு சமையலுக்குப் போய்விடும் என்று முதலாளி சொல்லியிருந்தார். இரண்டு வாரம் ஃபோன் அடிக்கவில்லை.

மூன்றாம் வாரம், பழைய மசாலாக் கிடங்கில் கண்காட்சிக்கு வைத்திருந்த ஓர் ஓவியத்தைப் படம் பிடித்து வந்தேன். ஆளுயரத் துணி, முழுக்க நீலம். "பேசாமல் கொஞ்சம் பார்ப்போம்" என்று சொல்லிவிட்டு, முப்பது விநாடி அதை மட்டும் திரை நிறையக் காட்டினேன். இசைகூட இல்லை.

ஃபோன் அடித்தது. அடித்துக்கொண்டே இருந்தது.

எங்கள் பகுதியில் கேபிள் போனால் டிவி நீலமாகிவிடும். அதைப் பார்த்தே வளர்ந்தவள் நான். படம் பிடிக்கும்போது ஒரு தடவைகூட அது நினைவுக்கு வரவில்லை.

முதலாளிதான் ஃபோனை எடுத்தார். "லைன் போச்சு சேட்டா" என்றார்கள் எல்லோரும்.

முதலாளிக்கு மகிழ்ச்சி. "கண்டியா, எத்தனை ஃபோன்! ப்ரோக்ராம் நிக்கட்டும் மோளே."

"அதெல்லாம் புகார் சேட்டா. அது எனக்கு வேண்டாம். இன்னும் ஒரு வாரம் கொடுங்க. ஒருத்தராவது ஓவியத்தைப் பத்திக் கேக்கலேன்னா மீனுக்கே விட்டுத் தரேன்."

"உனக்கு ரொம்பத்தான் பவரு" என்றார். ஆனால் கொடுத்தார்.

ஃபோன் செய்த எல்லோரையும் திரும்ப அழைத்தேன். எங்கள் காலனி சேச்சி ஒருத்தி சிரித்தாள். "படமாடி அது? நான் எழுந்து போய் டிவிய நாலு தட்டு தட்டினேன்."

"அடுத்த வாரம் மறுபடி போடறேன் சேச்சி."

"போடு. முன்னாடியே சொல்லிடு, அடிக்க மாட்டேன்."

சொல்லிவிட்டே போட்டேன். அதே முப்பது விநாடி. ஒரே ஒரு ஃபோன் வந்தது. இடக்கொச்சியில் படகுக்கு வர்ணம் அடிப்பவர்.

"மோளே, வலது பக்கம் கீழே நீலம் கொஞ்சம் கறுக்குதே. வேணும்னே செஞ்சதா, இல்ல பெயின்ட் தீர்ந்து ரெண்டாவது டப்பா வாங்கினாங்களா?"

தெரியவில்லை, கேட்டுச் சொல்கிறேன் என்றேன்.

"புகாரா?" என்றார் முதலாளி.

"சந்தேகம்."

மீன்குழம்புக்குச் செவ்வாய்க்கிழமை வேறு நேரம் கொடுத்தார்.

மறுநாள் காலை கிடங்கு திறந்ததும் போய்ப் பார்த்தேன். கறுக்கத்தான் செய்கிறது.