சந்துக்குள் திரும்பிய பாட்டு

திருப்புல்லாணிக்குப் பக்கத்தில் ஒரு கல்யாண வீட்டில் வேப்பமரத்தின் மேல் உட்கார்ந்து குழாய் ஒலிபெருக்கியைக் கட்டிக்கொண்டிருந்தேன். சட்டைப்பையில் போன் அடித்தது. இரண்டு கையும் கயிற்றில் இருந்ததால் எடுக்கவில்லை. விடாமல் அடித்தது. இறங்கி வந்து எடுத்தால் ராஜூ. "டைட்டஸ் அண்ணன் எறந்துட்டாருண்ணே" என்றார். கரையில் ஒரு படகு எஞ்சினைப் பிரித்துப் போட்டு வேலை பார்த்துக்கொண்டிருந்தவர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்தாராம். ராமநாதபுரம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே எல்லாம் முடிந்துவிட்டதாம். "காலையில சாப்பிட்டாரா?" என்று கேட்டேன். ஏன் அதைக் கேட்டேன் என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. ராஜூ அதற்கும் பதில் சொன்னார்: "ரெண்டு இட்லி சாப்பிட்டாருண்ணே. நீங்க செட்ட எடுத்துக்கிட்டு வாங்க. ஒங்க செட்டுதான் வேணும்னு ஜான்சி சொல்லுது."

அவரோடு பழகிய உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். என்னை உங்களில் பலருக்கு மைக் செட் முருகேசு என்று தெரியும். பரமக்குடிக்காரன். பாம்பன் பக்கத்திலுள்ள உங்கள் கடற்கரை ஊருக்கு மாதா திருவிழாவுக்குச் செட் போட வந்தவன். அந்த வருடம் டைட்டஸ் அண்ணன் குழுவில் டிரம் அடித்தவர் துபாய்க்குப் போய்விட்டார். நான் ஒலிபெருக்கிப் பெட்டியின் மேல் விரலால் தட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பதைப் பார்த்தவர், "ஏலே, ஒனக்கு கை சும்மா இருக்காதுபோல. அந்தத் தட்ட டிரம்ல தட்டு" என்றார். நான் உங்கள் சபைக்காரன் இல்லையே என்று இழுத்தேன். "தாளத்துக்கு யாருலே ஞானஸ்நானம் குடுத்தது? உக்காரு" என்றார். உட்கார்ந்தவன்தான். அதன் பிறகு அவர் கிட்டாரை எடுத்த மேடையில் எல்லாம் பின்னால் நான் இருந்தேன்.

பகலில் எஞ்சின் மெக்கானிக். மாலையில் கோயில் பாடகர் குழுவில் கிட்டார். நகத்தில் கிரீஸ் போகவே போகாது. குள்ளமான மனிதர், குரல் மட்டும் ஆறடி. பக்திப் பாட்டை ராக் இசையில் பாடினால் என்ன என்ற ஆசை அவருக்கு எங்கிருந்து வந்ததோ தெரியாது. ஊர்க் கமிட்டித் தலைவர் சேவியர் மாமாவுக்கு அது ஆகவே ஆகாது. "சாமி பாட்டுக்கு எதுக்குய்யா இம்புட்டு இரைச்சல்? மாதா என்ன செவிடா?" என்பார். "மாதாவுக்குக் கேக்கும் மாமா. நமக்குத்தான் கேக்க மாட்டேங்குது" என்று சொல்லிவிட்டு டைட்டஸ் இன்னும் கொஞ்சம் கூட்டி வைப்பார். இருவரும் மறுநாளே ஒன்றாக டீ குடிப்பார்கள். அப்படி இருந்தவர்களுக்கு நடுவில் ஒரு பாட்டு வந்தது.

அந்தப் பாட்டின் கதை உங்களுக்குத் தெரியும். ஆனாலும் சொல்லிவிடுகிறேன், உங்கள் பிள்ளைகளுக்குத் தெரியாது. டைட்டஸின் அண்ணன் வில்சன் காற்றுக் காலத்தில் கடலுக்குப் போனார். படகு மட்டும் கவிழ்ந்த நிலையில் கிடைத்தது, ஆள் கிடைக்கவில்லை. உடல் கிடைக்காதவருக்கு அடக்கம் இல்லை, கோயிலில் துக்க மணியும் இல்லை. மணி அடிக்காததால் அவர் மனைவி ஜான்சி விதவையும் ஆகவில்லை, மனைவியாகவும் இல்லை. வருடக்கணக்கில் கரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஐஸ் கம்பெனியில் வேலை பார்க்கும் ராஜூவோடு வாழத் தொடங்கினார். கணவர் இறந்தார் என்று யாரும் எழுதித் தராததால் கோயிலில் வைத்துத் தாலி கட்ட முடியவில்லை. ஊருக்கு அது போதாதா? நற்கருணை வாங்க ஜான்சி வரிசைக்கு வரக்கூடாது என்றார்கள். திருவிழாவில் மாதா சப்பரம் அவர் வீடு இருக்கும் சந்துக்குள் நுழையக்கூடாது என்றும் கமிட்டி முடிவெடுத்தது. அந்தக் கூட்டத்தில் முதலில் எழுந்து அதைச் சொன்னவர் டைட்டஸ்.

ஆமாம், அவரேதான். அண்ணன் திரும்பி வருவார் என்று நம்பிக்கொண்டிருந்த தம்பி அவர். மதினி இன்னொருவருக்குச் சோறு பொங்கியதும், அண்ணனை அந்த வீட்டிலேயே புதைத்துவிட்டதுபோல அவருக்கு எரிந்தது. என்னிடம் இதைச் சொன்னபோது அவர் எதையும் மறைக்கவில்லை. "சாமிய வச்சு என் கோவத்த தீத்துக்கிட்டேன்லே" என்றார்.

அவரை மாற்றியது பிரசங்கம் எதுவும் இல்லை. ஒரு திருவிழாவில் சப்பரம் தெருத்தெருவாகப் போய்க்கொண்டிருந்தபோது, கிட்டாரின் மின்கலம் தீர்ந்துபோய் வேறொன்றை எடுக்க அவர் வீட்டுக்கு ஓடினார். குறுக்கு வழி ஜான்சியின் சந்து. அங்கே அந்தப் பெண் வாசலில் மேசை போட்டு, வெள்ளைத் துணி விரித்து, மெழுகுவர்த்தி ஏற்றி, மாதாவின் மேல் வீசத் தட்டில் உப்பும் மிளகும் வைத்துக்கொண்டு நின்றிருந்தார். சப்பரம் வரும் வீடுகளில் எப்படி நிற்பார்களோ அப்படி. "வராதுன்னு தெரியும்ல? எதுக்கு நிக்கிற?" என்று கேட்டிருக்கிறார். ஜான்சி சொன்ன பதிலை அவர் எத்தனையோ முறை என்னிடம் திரும்பச் சொன்னார். "சாமி எந்தப் பக்கம் போகணும்னு நீங்க சொல்லிட்டீங்க தம்பி. நான் கும்புட நிக்கிறதுக்குமா ஒங்க கமிட்டிய கேக்கணும்?" மேளச் சத்தம் தூரத்தில் தேய்ந்ததும் ஜான்சி மெழுகுவர்த்தியை அணைத்தார். தட்டிலிருந்த உப்பை அடுப்படிக்குக் கொண்டுபோய் உப்பு ஜாடியில் திரும்பக் கொட்டினார். அந்த உப்பைத்தான் டைட்டஸால் தாங்க முடியவில்லை. மின்கலத்தை எடுக்காமலே திரும்பி வந்துவிட்டார். கிட்டார் ஏன் பாதியில் நின்றது என்று அன்று எல்லோரும் அவரைத் திட்டினார்கள்.

அதன் பிறகு வந்தது அந்தப் பாட்டு. புதுமடம் கரையில் ஒரு படகின் நிழலில் உட்கார்ந்து எனக்கு முதலில் பாடிக் காட்டினார். நான் வழக்கம்போல் படகுப் பலகையில் ஓங்கித் தாளம் தட்டிவிட்டேன். "மெதுவா அடி முருகேசு. இது சண்டைக்குப் போற பாட்டு இல்ல, மன்னிப்பு கேக்கப் போற பாட்டு. கடைசியில மட்டும் ஓங்கி அடி, அப்பத்தான் தூங்குறவன் முழிப்பான்" என்றார்.

*காத்தடிச்சா சாத்துவோம் கதவ,*
*கண்ணீர் வந்தா ஏன் சாத்துனோம்?*
*படகு வராத வீட்டுக்கு*
*மாதா வரக்கூடாதா?*
*கதவ சாத்துனது யாரு?*

இந்தக் கேள்வியோடு கிட்டார், டிரம் எல்லாம் நின்றுவிட வேண்டும். நான்கு தட்டு அமைதி. பிறகு அவர் மட்டும் தனியாக "நான்" என்று பாடுவார். அந்த ஒரு சொல்லுக்குப் பிறகுதான் நாங்கள் எல்லோரும் மறுபடி சேர வேண்டும். ஒத்திகையில் நான் ஒவ்வொரு முறையும் அவசரப்பட்டு முன்னாலேயே அடித்துவிடுவேன். "பொறுலே, சொல்லவிடு. அதச் சொல்லத்தான் இம்புட்டு பாட்டும்" என்பார்.

சப்பரத்துக்கு முந்தைய நாள் சாயங்காலம் மேடையில் பாடினோம். மூன்றாம் வரியிலேயே கூட்டம் அசையாமல் போய்விட்டது. சேவியர் மாமா மேடையோரம் வந்து, "யோவ், அந்தக் குமிழத் திருகி அமத்துய்யா!" என்று என்னைப் பார்த்துக் கத்தினார். மிக்சர் என் முழங்கைக்குப் பக்கத்தில்தான் இருந்தது. டிரம் அடிக்கிறவனுக்குக் காது கேட்காது என்று உலகமே நம்புகிறது. அன்று அது எனக்கு வசதியாகப் போயிற்று. "கதவ சாத்துனது யாரு?" என்று கேட்டு டைட்டஸ் நிறுத்தினார். கடல் சத்தம் கேட்டது. ஊர்க்காரர்கள் முன்னால், அம்மா முன்னால், சேவியர் மாமா முன்னால் அவர் "நான்" என்று பாடினார். கூட்டத்தில் ஒருவர்கூடக் கை தட்டவில்லை.

மறுநாள் மாலை சப்பரம். சப்பரம் தூக்குகிறவர்களுக்குப் பூ அலங்காரமும் தோள் கம்பும் மறைப்பதால் முன்னால் ஒன்றும் தெரியாது. முன்னே போகும் இசைச் சத்தத்தைப் பிடித்துத்தான் நடப்பார்கள். இது அந்த ஊரில் காலகாலமான பழக்கம். எங்கள் ஒலிபெருக்கி ஐஸ் பெட்டி ஏற்றும் தள்ளுவண்டியில் இருந்தது. தள்ளியவன் நான். டைட்டஸ் பக்கத்தில் கிட்டாரோடு நடந்தார். ஒரு முக்கு வந்ததும் குனிந்து, "முருகேசு, எடப்பக்கம் திருப்பு" என்றார். திருப்பினேன். அதுதான் அந்தச் சந்து என்று எனக்குத் தெரியாது என்று பிறகு எல்லோரிடமும் சொன்னேன். நீங்களும் நம்பியதாகக் காட்டிக்கொண்டீர்கள். சத்தம் திரும்பிய பக்கம் சப்பரமும் திரும்பியது. பின்னால் சேவியர் மாமா கூப்பாடு போட்டார். என்ன போட்டு என்ன? புறப்பட்ட சப்பரம் பின்வாங்கக் கூடாது என்பது உங்கள் ஊர்ச் சட்டம். மெழுகுவர்த்தி எரியும் வாசலில் நிற்காமல் போகக்கூடாது என்பதும் உங்கள் சட்டம்தான்.

ஜான்சியின் மேசை தயாராக இருந்தது. சப்பரம் நின்றது. அந்தப் பெண் உப்பையும் மிளகையும் அள்ளி மாதாவின் மேல் வீசியபோது பாதி என் தலையில் விழுந்தது. நான் தட்டிவிடவில்லை.

அதோடு எல்லாம் நேராகிவிட்டது என்று எழுத எனக்கும் ஆசைதான். அப்படி நடக்கவில்லை. கமிட்டி அவரைப் பாடகர் குழுவிலிருந்து எடுத்துவிட்டது. அடுத்த திருவிழாவுக்கு வெளியூரிலிருந்து பாண்டு செட் வந்தது. சப்பரம் பழையபடி அந்த முக்கில் நேராகப் போனது. அவர் அம்மா அவரோடு பேசாமலேயே கண்ணை மூடினார். ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்கு அவர் தவறாமல் வருவார், ஆனால் வாசற்படியைத் தாண்டமாட்டார். "உள்ள எடம் இல்லையாண்ணே?" என்று ஒருமுறை கேட்டேன். "எடம் கெடக்குலே. மதினி வெளிய நிக்குது, நான் உள்ள போயி என்னத்த பாட?" என்றார். இறக்கும்வரை அங்கேயே நின்றார். கசப்பாக ஒரு சொல் பேசிக் கேட்டதில்லை. சேவியர் மாமாவின் படகு எஞ்சின் பழுதானால் இவர்தான் போய்ச் சரிசெய்தார்.

அந்தப் பாட்டைப் பதிவுசெய்து வைப்போம் என்று நான் கெஞ்சாத நாள் இல்லை. "அது போன்ல கேக்குற பாட்டு இல்லலே. சப்பரம் தானா அந்தச் சந்துக்குள்ள போற அன்னைக்கு மறுபடி பாடுவோம். அதுவரைக்கும் இருக்கட்டும்" என்று தள்ளிப் போட்டார். அந்த நாளுக்காகக் காத்திருந்தார். நானும் காத்திருந்தேன். இப்போது அந்தக் குரல் எந்தக் கருவியிலும் இல்லை. என் வீட்டில் இத்தனை பெட்டி, இத்தனை வயர் கிடக்கிறது. அவருடைய ஒரு மூச்சுகூட அதில் மிச்சமில்லை.

அடக்கத்தன்று அதே ஐஸ் வண்டியில் செட்டைக் கட்டினேன். கோயில் பூசை முடிந்து சவப்பெட்டியைத் தூக்கினார்கள். முன்தோள் கொடுத்தவர்களில் சேவியர் மாமாவும் ஒருவர். வயதாகிவிட்டது, வேண்டாம் என்றாலும் கேட்கவில்லை. பாடகர் குழு துக்கப் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தது. அந்த முக்கு நெருங்கும்போது ஜான்சி பெண்கள் கூட்டத்திலிருந்து விலகி என்னிடம் வந்தார். "மைக்க குடுங்க" என்றார். கொடுத்தேன். கிட்டார் இல்லை, டிரம் இல்லை. கரகரத்த குரலில் "காத்தடிச்சா சாத்துவோம் கதவ" என்று தொடங்கினார். ஒரே ஒரு நாள் மேடையில் பாடிய பாட்டு. கூட்டத்துக்கு வெளியே இருட்டோரம் நின்று கேட்டவர், ஒரு சொல் விடாமல் வைத்திருந்தார்.

இந்த முறை என்னிடம் யாரும் சொல்லவில்லை. வண்டியை இடப்பக்கம் திருப்பினேன். இந்த முறை எனக்கு வழி தெரியும்.

பெட்டி சத்தத்தின் பின்னால் வந்தது. ஜான்சி வீட்டு வாசலில் மேசை போட்டிருந்தது. வெள்ளைத் துணி, மெழுகுவர்த்தி, உப்பு, மிளகு. பெட்டி நின்றது. "கதவ சாத்துனது யாரு?" என்று பாடி ஜான்சி நிறுத்தினார். என் விரல்கள் வண்டிக் கைப்பிடியில் தானாகத் தட்டின: ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு. டைட்டஸ் அண்ணன் குரல் வரவேண்டிய இடம் வந்தது. வரவில்லை. எவ்வளவு எதிர்பார்த்தேன் என்பது அது வராதபோதுதான் தெரிந்தது. வண்டியைப் பிடித்துக்கொண்டு அழுதேன். அப்போது பெட்டிக்கு அடியிலிருந்து, தோளில் பாரத்தோடு, சேவியர் மாமா சொன்னார்: "நாந்தாம்மா." ஜான்சி தட்டிலிருந்து உப்பை எடுத்துப் பெட்டியின் மேல் தூவினார். பிறகு கல்லறைத் தோட்டத்துக்கு நடந்தோம்.

அடுத்த திருவிழாவில் சப்பரம் அந்த முக்கில் எந்தப் பக்கம் போகும் என்று எனக்குத் தெரியாது. அது உங்கள் கையில் இருக்கிறது. என் கையில் இருப்பது ஒரு மைக் ஸ்டாண்டு. டைட்டஸ் அண்ணன் குள்ளமானவர் என்பதால், அதன் கம்பியில் அவர் உயரத்துக்கு ஒரு கறுப்பு டேப் சுற்றி வைத்திருந்தேன். கல்யாணம், காதுகுத்து, கட்சிக் கூட்டம் என்று யார் யாரோ வந்து அதை உயர்த்திப் பேசுகிறார்கள், பாடுகிறார்கள். எல்லோரும் போன பிறகு, வயரைச் சுற்றுவதற்கு முன்னால், அந்த மைக்கை மறுபடி கறுப்பு டேப் இருக்கும் இடத்துக்கு இறக்கி வைக்கிறேன். நான்கு தட்டு நேரம் பக்கத்தில் நிற்கிறேன். அதன் பிறகுதான் ஸ்விட்சை அணைக்கிறேன்.