முன்னுக்கு ஓடு, பின்னுக்கு வானம்

1978 நவம்பர் இருபத்து மூன்றாம் திகதி அடித்த சூறாவளியில் கல்முனையில் எங்கள் வீட்டு ஓடுகள் எல்லாம் போயின. சுவர்கள் நின்றன. கூரைக் கைமரங்களில் பாதி தப்பியது. அது என் மூத்த சகோதரி ராத்தாவுக்கென்று வாப்பா கட்டிய வீடு. எங்கள் ஊர்களில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து குடியிருப்பார். வீடில்லாத பெண்ணுக்கு மாப்பிள்ளை கேட்டுப் போக எந்தத் தகப்பனுக்கும் வாய் வராது.

ராத்தாவுக்கு அப்போது இருபத்தாறு வயது. ஏற்கெனவே ஒரு சம்பந்தம் பேசி, ஒன்றரை வருடம் இழுபட்டு, விட்டுப்போயிருந்தது. இரண்டாவதாக அமைந்தது மருதமுனை மாப்பிள்ளை. தகப்பன் இல்லாதவர். அவருடைய உம்மா இரண்டு தறிகள் வைத்து நெசவு செய்து பிள்ளைகளை ஆளாக்கியவர். சூறாவளிக்கு இரண்டு வாரத்துக்கு முன்புதான் பேச்சு முடிந்திருந்தது. நாள் மட்டும் குறிக்கவில்லை.

ஜனவரி கடைசியில் மருதமுனையிலிருந்து ஆள் வந்தது. ஞாயிற்றுக்கிழமை வீட்டைப் பார்த்து நாள் பேச வருகிறார்களாம். மாப்பிள்ளையின் தாய்மாமன், வீடு சரியாகும்வரை தள்ளிப்போடலாம் என்று சொல்லிக்கொண்டிருப்பதாகவும் காதில் விழுந்தது. தள்ளிப்போடுவது என்றால் என்னவென்று முதல் சம்பந்தத்திலேயே படித்துவிட்டோம். அன்று வாப்பா சோறு தின்னவில்லை.

புதிதாக ஓடு வாங்க வழியில்லை. சாகாமத்தில் எங்கள் வயல் முழுவதும் வெள்ளத்துக்குள் கிடந்து அழுகிவிட்டது. காசு இருந்தாலும் ஓடு கிடைக்காத காலம் அது. கரையோரம் முழுவதற்கும் ஒரே நாளில் கூரை போயிருந்தது. அப்போதுதான் வாப்பாவுக்குச் சாச்சியின் ஞாபகம் வந்தது. உம்மாவின் தங்கச்சி. அவருடைய வீட்டில் சுவர் விழுந்து, உடையாத ஓடுகளைப் பொறுக்கி வளவுக்குள் அடுக்கி வைத்திருந்தார்கள். அதை இரவல் வாங்கினோம். வெள்ளியும் சனியும் நானும் வாப்பாவும் வண்டியில் ஏற்றி இறக்கி, ஏணி வைத்து அடுக்கினோம். முன் விறாந்தைக்கும் அதை ஒட்டிய அறைக்கும் காணும் அளவுதான் இருந்தது. பின்பக்கம் வெறும் கைமரம்.

உம்மா ஒரே ஒரு கேள்வி கேட்டார். பொம்புளைகள் எந்தப் பக்கத்தால் வருவார்கள் என்றார். ஆண்கள் முன்வாசலால் வந்து விறாந்தையில் இருப்பார்கள், மேலே பார்ப்பார்கள், ஓடு இருக்கும் என்பது வரைதான் வாப்பாவும் நானும் யோசித்திருந்தோம். எங்கள் பெண்கள் முன்வாசலை மிதிப்பதில்லை என்பது ஊரில் குழந்தைக்கும் தெரியும். பின்வேலியில் விட்ட கடப்பு வழியால் நுழைந்து நேரே சமையல் நடக்கும் குசினிக்குத்தான் போவார்கள். உம்மா இரண்டு சேலைகளை எடுத்துக் குசினிக்கு மேலே விரித்துக் கட்டினார்.

ஞாயிறு பகல் அவர்கள் வந்தார்கள். தாய்மாமனும் இன்னும் மூன்று ஆண்களும் விறாந்தையில் இருந்தார்கள். வாப்பா தேத்தண்ணி கொடுத்து, வயலைப் பற்றியும் வெள்ளத்தைப் பற்றியும் கதைத்தார். நான் வாசலோரம் நின்றேன். தாய்மாமன் ஒருமுறை அண்ணாந்து பார்த்தார். தேத்தண்ணியை உறிஞ்சினார். எனக்கு மூச்சு வந்தது.

பின்னால் நடந்ததை உம்மா பிறகு சொன்னார். மாப்பிள்ளையின் உம்மா கடப்பைத் தாண்டி உள்ளே கால் வைத்த நேரம் கடல்காற்று அடித்திருக்கிறது. சேலைகள் பாய்மரம் போலத் தூக்கிக்கொண்டு போய் மாமரத்தில் விழுந்தன. அவர் மேலே பார்த்தார். வெயில் நேரே முகத்தில் அடித்தது. ராத்தா சுவரோடு சுவராக நின்றாள். அந்த மனிசி ஒருவரிடமும் ஒன்றும் கேட்கவில்லை. வீட்டுக்குள்ளால் நடந்து வந்து, விறாந்தை வாசலில் தொங்கிய சீலைக்கு அப்பால் நின்று, வாப்பாவை அண்ணன் முறையில் கூப்பிட்டுத்தான் வாயைத் திறந்தார்.

“காக்கா, முன்னுக்கு ஓடு, பின்னுக்கு வானம். மாப்பிள்ளை எந்தப் பக்கம் படுக்கிற?”

யாரும் சிரிக்கவில்லை. வாப்பாவின் முகத்தை நான் பார்க்கவில்லை. பார்க்க முடியவில்லை. தாய்மாமன் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார்.

“நானும் அதத்தான் சொல்ல வந்த. ஊடு முடியட்டும். பொறகு பாப்பம்.”

“நீ கொஞ்சம் பொறு தம்பி,” என்றது சீலைக்கு அப்பாலிருந்த குரல். “நம்மட ஊட்டுல முன்னுக்கும் வானந்தானே. இவங்க நம்மள விடப் பாதி முந்திட்டாங்க.”

முதலில் அவர்களோடு வந்த ஒரு பெரியவர் சிரித்தார். பிறகு தாய்மாமனே சிரித்தார். சிரித்துவிட்ட ஆள் உடனே கண்டிப்பான முகத்துக்குத் திரும்புவது லேசில்லை. அந்த இடைவெளியில் வாப்பா பேசினார். அவர் அப்படிப் பேசுவார் என்று நான் நினைத்திருக்கவில்லை.

“தங்கச்சி, இந்த ஓடும் எங்கடயில்ல. புள்ளைட சாச்சிட ஓடு. நீங்க பாக்கணும் எண்டு இரவல் வாங்கிப் போட்ட.”

சீலைக்கு அப்பாலிருந்து அதே குரல் வந்தது.

“அப்ப நாளைக்கே கழட்டிக் குடுங்க காக்கா. அவங்களும் புள்ளகுட்டிக்காரங்க. நாம தென்னங்கிடுகு போடுவம். ஒழுகினா ரெண்டு பேரும் ஒரு மூலையில ஒதுங்கிப் படுப்பாங்க. புதுசாக் கட்டினவங்களுக்கு அதுல என்ன நட்டம்?”

குசினிப் பக்கத்தில் பெண்கள் சிரித்த சத்தம் முன்னுக்குக் கேட்டது. அந்த இருப்பிலேயே நாள் குறித்தார்கள். மார்ச் மாதம் காவின் எழுதிக் கல்யாணம் நடந்தது. கிடுகுக் கூரைக்குக் கீழே.

அன்றைய நாட்குறிப்பில் நான் எழுதியிருப்பது இவ்வளவுதான்: மருதமுனையார் வந்தனர். நாள் குறித்தாயிற்று. மழை இல்லை. அந்த மனிசி சொன்னதில் ஒரு சொல்லையும் எழுதவில்லை. வீட்டுக் கதை எழுத்தில் வைக்கத் தக்கதல்ல என்று அன்று நினைத்தேன். மேலே தந்திருப்பது உம்மா, ராத்தா, தாய்மாமன் ஆகிய மூவரும் பிறகு சொன்னதையும் என் ஞாபகத்தையும் வைத்து ஒப்பிட்டு எழுதியது. தாய்மாமன் “பாதி” என்ற சொல் இல்லை என்பார். உம்மாவுக்கும் ராத்தாவுக்கும் எனக்கும் அது ஞாபகம்.

1983இன் தொடக்கத்தில் வேலை விஷயமாக அக்கரைப்பற்றுக்குப் போய், பஸ் சந்தியில் ஒரு தேத்தண்ணிக் கடையில் இருந்தேன். பக்கத்து மேசையில் நெல் வியாபாரி ஒருவர் இதே கதையைச் சொன்னார். ஊர் வேறு, ஆட்கள் வேறு. மாப்பிள்ளையின் உம்மா கேட்ட முதல் வாக்கியத்தோடு நிறுத்தினார். பெண் வீட்டார் தலை குனிந்தார்களாம், சம்பந்தம் முறிந்ததாம். கடையில் எல்லோரும் சிரித்தார்கள். நான் திகதி பிழைத்தால் பொறுக்காதவன். அன்று திகதியைத் திருத்தும் ஞாபகமே வரவில்லை. அவ இன்னொன்றும் சொன்னா என்று சொல்லி மீதியை அவருக்குச் சொன்னேன். யாருடைய வீடு என்று சொல்லவில்லை. வியாபாரி, இப்படித்தான் இருந்திருக்க வேணும் என்றார். அடுத்த வருடம் அம்பாறை பஸ்ஸில் வேறொருவர் வாயில் இதே கதையைக் கேட்டபோது இரண்டாவது வாக்கியமும் அதில் இருந்தது.

பல புத்தகங்களை நான் வாசித்திருக்கிறேன். அவற்றில் அடிக்கோடிட்ட வரிகளில் பலவற்றை இன்று பார்த்தால் ஏன் கோடிட்டேன் என்று தெரியவில்லை. எழுத்து அதிகம் அறியாத ஒரு நெசவுக்காரி சீலைக்குப் பின்னால் நின்று சொன்னது மட்டும் தேயவில்லை. கண்ணுக்கு முன்னால் கிடந்ததைத்தான் அவர் சொன்னார். ஓட்டினை ஓடு என்றார், வானத்தை வானம் என்றார். தன் வீட்டையும் அதற்குள் சேர்த்துக்கொண்டார். அதனால்தான் வாப்பாவுக்கு உண்மை சொல்ல வாய் வந்தது என்று நினைக்கிறேன்.

1987இல் அந்த மனிசி மௌத்தானார். வாப்பாவுக்கு அப்போது முழங்கால் வருத்தம், தூரம் நடக்கமாட்டார். சைக்கிளில் பின்னால் ஏற்றிக்கொண்டு போனேன். அடக்கம் முடிந்து கபுறடியை விட்டு எல்லோரும் கலைந்த பிறகும் வாப்பா நின்றார். திரும்பி வரும்போது பாண்டிருப்பு தாண்டினோம். பிறகு என் முதுகுக்குப் பின்னாலிருந்து மெதுவாகச் சொன்னார்.

“அந்த மனிசி நினைச்சிருந்தா என்னய அண்டைக்கு ஒரு சொல்லால சாகடிச்சிருக்கலாம் மனே.”

நான் ஓம் என்றேன். காற்று எதிர்த்து அடித்தது. இறங்கி, அவர் இருக்கையிலேயே இருக்க, சைக்கிளைத் தள்ளிக்கொண்டு நடந்தேன்.