இன்ஸ்பெக்டர் சிரிக்க வைத்த காலை

இன்று காலை கோப்பி ஆறமுன்னரே கைபேசியில் ஒரு படம் வந்து நின்றது. பிரெஞ்சு நடிகர் ஒருவர் காலமானாராம். இரண்டே வரிச் செய்தி. அந்தக் கோணல் மூக்கைக் கண்டதும், "ஐயோ, எங்கட இன்ஸ்பெக்டர்!" என்று தனியே இருந்து கத்திவிட்டேன்.

அவருடைய பெயரே எனக்கு இன்றுதான் தெரியும். பாரிஸில் நாங்கள் ஐந்து பேர் ஓர் அறையில் இருந்தோம். தெருவில் யாரோ எறிந்த ரீவியில் அவரை முதலில் பொலிஸ் இன்ஸ்பெக்டராகக் கண்டதால் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. பிறகு பேக்கரிக்காரர், நீதவான், மாமனார் என்று என்னென்னவோவாக வந்தார். கதாநாயகனாக மட்டும் ஒருநாளும் வரவில்லை. அநேகமாகப் பாதிப் படத்துக்குள் ஆளை முடித்துவிடுவார்கள். கதாநாயகர்கள் பொரிந்து தள்ளுவார்கள். இவர் ஆறுதலாக, சொல்லுக்குச் சொல் நிறுத்தி, இரண்டு வசனம் பேசுவார். உணவகத்தில் கோப்பை கழுவிய காலத்தில் நான் பிடித்த பிரெஞ்சு முழுக்க அவருடையதுதான்.

அங்கே என் அகதி வழக்கு நிராகரிக்கப்பட, ரொறன்ரோவுக்கு வந்தேன். அனுப்பிய ஏஜென்ட் படித்துப் படித்துச் சொன்னான்: "பிரான்ஸைக் கண்ணாலையும் காணேல்லை எண்டு சொல்லு. கொழும்பிலையிருந்து நேரை வந்தனி." அப்படியே எழுதிக் கொடுத்தேன். நான் ஊரை விட்டபோது மகளுக்கு மூன்று வயது. இங்கே வழக்கு வென்றால்தான் அவளையும் தாயையும் கூப்பிடலாம்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. விசாரணை நாள். அகதி வழக்கு அலுவலகத்தின் வெளி அறையில், இரவல் கோட்டுக்குள் வியர்த்துக்கொண்டு காத்திருந்தேன். மூலையிலிருந்த ரீவியில் பிரெஞ்சு சானல் ஓடியது. பார்த்தால், இன்ஸ்பெக்டர்! இந்த முறை உணவகப் பரிசாரகர். மீன் எப்படி என்று ஒரு சீமாட்டி கேட்கிறாள். "நல்ல மீன், மதாம். நான் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து பார்க்கிறேன்" என்கிறார்.

வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். கூடவே இன்னொரு சிரிப்பும் கேட்டது. கதவடியில் கோப்புடன் ஒரு பெண்மணி. என் வழக்கைக் கேட்கப் போகிறவரே அவர்தான். பிரெஞ்சு விளங்குமா என்று பிரெஞ்சிலேயே அன்பாகக் கேட்டார்.

"உவி, மதாம்" என்றது என் பாழாய்ப்போன வாய். இன்ஸ்பெக்டரின் அதே இழுவையுடன்.

வழக்கறிஞருடன் வந்திருந்த மொழிபெயர்ப்பாளர் அன்ரியின் முகம் வெளுத்துவிட்டது. "தம்பி, படிவத்திலை என்ன எழுதினனீர்?" என்று மெல்லக் கேட்டார்.

உள்ளே முதல் கேள்வியே பிரெஞ்சு எங்கே படித்தீர்கள் என்பதுதான். பாரிஸ் முழுவதையும் கொட்டினேன். அந்த மனுசி கோபிக்கவில்லை. நிறைய நேரம் எழுதினார். அதில் பொய்யென்றால் மற்றதும் பொய்யோ என்று பார்க்கத்தானே வேண்டும்? வழக்கு ஒத்திப்போனது. பிறகும் போனது. கடைசியில் ஏற்றுக்கொண்டார்கள், அந்த முதல் விசாரணையிலிருந்து எண்ணினால் குடும்பம் வந்துசேர நான்கு வருடம். ஸ்காபரோவில் மற்றவர்களின் பிள்ளைகள் பனி உருட்டுவதைக் கண்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பொய் சொன்னது நான், திட்டு வாங்கியது இன்ஸ்பெக்டர்.

விமான நிலையத்தில் ஒன்பது வயதுப் பிள்ளை என்னை நேரே பார்த்துக்கொண்டு தாயிடம் கேட்டாள்: "அம்மா, அப்பா எங்கை நிக்கிறார்?"

இன்று காலை வந்த படத்தை மகளுக்கு அனுப்பினேன். பிக்கரிங்கிலிருந்து உடனே போன் எடுத்தாள். "ஆரப்பா உது?"

"பழைய நடிகர் ஒராள், பிள்ளை" என்றேன். பாரிஸ் அறை இல்லை, அந்த ரீவி இல்லை, இப்போது இன்ஸ்பெக்டரும் இல்லை. போனை வைத்ததும் அழுகை வந்தது; அவருக்காக அழுகிறேன் என்றுதான் முதலில் நினைத்தேன். நான் கூட இல்லாத அந்த வருடங்களில் மகளுக்குப் பால்பல் ஒவ்வொன்றாக விழுந்தபோது நான் ஒன்றைக்கூடக் காணவில்லை.